வார்டு இல்லாத ஊரில் வார்டு வேலை: ஒன்சர்வீஸ், நகர மன்றம், மக்கள் சந்திப்பு பற்றி ஒரு மதிப்புரை

அவசரத்தில் இருப்பவர்களுக்குத் தீர்ப்பை முதலிலேயே சொல்லிவிடலாம். சிங்கப்பூரில் உங்கள் வட்டாரப் புகாருக்கு ஒரே ஒரு பொறுப்பாளர் இருந்தால் அரசாங்கத்தின் புகார்ச் செயலியான ஒன்சர்வீஸ் போதும், நன்றாகவே வேலை செய்கிறது. இரண்டு பொறுப்பாளர்கள் இருந்தால், குடியிருப்பின் பொது இடங்களைப் பராமரிக்கும் நகர மன்றத்துக்கு எழுத்தில் போங்கள். பொறுப்பாளரே இல்லாத புகார், அல்லது விதியே உங்களுக்கு எதிராக நிற்கும் விவகாரம் என்றால்தான் மக்கள் சந்திப்பில் எம்பியைப் பார்க்க வரிசையில் உட்கார வேண்டும். நம்மில் பலர் இதைத் தலைகீழாகச் செய்கிறோம். தாழ்வாரத்து விளக்கு எரியவில்லை என்று எம்பியிடம் போகிறோம்; வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழகம்) மேல்முறையீட்டைச் செயலியில் தட்டிவிட்டுக் காத்திருக்கிறோம்.

குழப்பத்துக்குக் காரணம் நம் அமைப்பே. இங்கிலாந்தின் நகரங்களில் வார்டு என்று ஒன்று இருக்கிறது. அதற்கென்று கவுன்சிலர்கள், அவர்களுக்கென்று தனித் தேர்தல். சிங்கப்பூரிலும் அப்படி ஒரு காலம் இருந்தது. 1957 டிசம்பரில் 32 இடங்களுக்கு நகரசபைத் தேர்தல் நடந்து ஓங் எங் குவான் மேயரானார். 1959இல் சுயாட்சி வந்ததும் நகரசபையின் வேலைகளை அரசாங்கமே எடுத்துக்கொண்டது. அதன்பின் இங்கே உள்ளாட்சித் தேர்தல் கிடையாது. 1986இல் அங் மோ கியோவில் சோதனை முறையில் தொடங்கி, 1988ஆம் ஆண்டின் நகர மன்றச் சட்டத்தோடு இன்றைய ஏற்பாடு நிலைபெற்றது. நாடாளுமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டவர்களே நகர மன்றத்தையும் நடத்துவார்கள். ஆகவே நாம் போடும் ஒரே ஓட்டு நாட்டை யார் ஆள்வது என்பதையும் தீர்மானிக்கிறது, நம் புளோக்கின் மின்தூக்கிக்கு யார் பொறுப்பு என்பதையும் தீர்மானிக்கிறது. மேயர்கள் ஐந்து பேர் இருக்கிறார்களே என்று கேட்கலாம். சமூக மேம்பாட்டு மன்றங்களின் (சிடிசி) மேயர்கள் நியமிக்கப்படுபவர்கள். சிடிசி பற்றுச்சீட்டுகளில் அந்த மன்றங்களின் பெயரைப் பார்ப்போம். சாக்கடை அடைத்தால் அங்கே போய்ப் பயனில்லை.

முதலில் ஒன்சர்வீஸ். இது ஏன் பிறந்தது என்று தெரிந்தால் எங்கே தடுமாறும் என்பதும் தெரியும். 2014 தேசிய தினப் பேரணி உரையில் அன்றைய பிரதமர் லீ சியன் லூங், புக்கிட் கோம்பாக் எம்ஆர்டி நிலையம் அருகே ஒரு நடைபாதையில் கிடந்த மீன் உருண்டைக் குச்சிகளைப் பற்றிப் பேசினார். ஒரு பக்கத்துச் சரிவு சிங்கப்பூர் நில ஆணையத்துடையது. நடுவே போகும் பூங்கா இணைப்புப் பாதை தேசியப் பூங்காக் கழகத்துடையது. சாலையோர நடைபாதை நிலப் போக்குவரத்து ஆணையத்துடையது. குச்சி எங்கே விழுந்தது என்பதைப் பொறுத்து துடைப்பம் மாறும். அந்த ஆண்டு அக்டோபரில் நகராட்சிச் சேவைகள் அலுவலகம் அமைக்கப்பட்டது, 2015 ஜனவரியில் செயலி வந்தது. 2021இல் வாட்ஸ்அப், டெலிகிராம் வழியாகப் புகார் வாங்கும் 'காக்கி' உரையாடுபொறியும் சேர்ந்தது.

பயன்படுத்துவது சுலபம். வகையைத் தேர்ந்தெடுத்து, இடத்தைக் குறித்து, படம் சேர்த்து அனுப்பினால் ஒரு குறிப்பு எண் கிடைக்கும். தவறு நடப்பது பெரும்பாலும் மூன்று இடங்களில். ஒன்று, வரைபட ஊசி. புளோக்கின் உள்ளே நின்று அனுப்பினால் கைப்பேசி சில வேளைகளில் அடுத்த புளோக்கைக் காட்டும்; துப்புரவாளர் அங்கே போய் 'ஒன்றும் இல்லை' என்று எழுதிவிடுவார். புளோக் எண், மாடி, எந்த மின்தூக்கி என்பதை எழுத்திலும் போட்டுவிடுங்கள். இரண்டு, படம். குப்பையை மட்டும் நெருக்கமாக எடுத்த படத்தால் பயன் குறைவு. தள்ளி நின்று புளோக் எண்ணோ தூண் எண்ணோ தெரிய ஒன்று, அருகிலிருந்து ஒன்று என இரண்டு எடுங்கள். மூன்று, ஒரே புகாரில் பல விஷயங்கள். 'மூன்றாம் மாடியில் குப்பை, கீழே எலி, எதிரே சாலை விளக்கு எரியவில்லை' என்று எழுதினால் அது மூன்று அலுவலகங்களுக்கான மூன்று வேலை. முதலில் கண்ணில் பட்டதற்குப் பதில் வரும், மற்ற இரண்டும் காணாமல் போகும். ஒரு புகாருக்கு ஒரு விஷயம், அவ்வளவுதான்.

பெரிய ஏமாற்றம் 'முடிக்கப்பட்டது' என்ற நிலை. அதற்குப் பொருள் அலுவலகம் பதில் சொல்லிவிட்டது என்பது. பழுது சரியாகிவிட்டது என்று ஆகாது. 'ஒப்பந்ததாரரிடம் தெரிவித்துவிட்டோம்' என்பதும் ஒரு பதில்தான். வேலை நடக்கவில்லை என்றால் ஒரு வாரம் பொறுத்து, பழைய குறிப்பு எண்ணை முதல் வரியிலேயே எழுதி மறுபடி அனுப்புங்கள். எண் இல்லாமல் அனுப்பினால் அது புத்தம் புதிய புகாராக மறுபடியும் முதல் படியிலிருந்து நடக்கும்.

யாருக்கு எது என்று தெரிந்து வைத்திருப்பது பாதி வேலையை முடித்துவிடும். மின்தூக்கி, தாழ்வார விளக்கு, கீழ்த்தளம், விளையாட்டுத் திடல், பொதுக் குப்பைக் குழாய், கூரை நீர்த்தொட்டி, புளோக்குகளுக்கு நடுவே உள்ள மரம் எல்லாம் நகர மன்றம். கார் நிறுத்துமிடம் வீவக. சாலை, சாலை விளக்கு, பேருந்து நிறுத்தம் நிலப் போக்குவரத்து ஆணையம். சாலையோர மரம், புறா, மைனா தேசியப் பூங்காக் கழகம். கொசு என்றால் தேசியச் சுற்றுப்புற வாரியம். சாலையோர வடிகால் பொதுப் பயனீட்டுக் கழகம். செயலி இதையெல்லாம் தானே பிரித்து அனுப்பும் என்பது உண்மைதான், ஆனால் தவறாகப் பிரித்தால் நீங்கள் கண்டுபிடிக்க வேண்டுமே.

செயலியால் அசைக்கவே முடியாத புகார்களும் உண்டு. பக்கத்து வீட்டுச் சன்னல் வழியாக வரும் சிகரெட் புகை அவற்றில் முதலிடம். தாழ்வாரத்திலும் படிக்கட்டிலும் புகைப்பது குற்றம். தன் வீட்டுக்குள் புகைப்பது குற்றமல்ல. எத்தனை முறை அனுப்பினாலும் அறிவுரைக் கடிதம் போகும், புகை வந்துகொண்டே இருக்கும். அடுத்தது கூரைக் கசிவு. மேல்வீட்டுக் குளியலறையிலிருந்து நம் கூரையில் நீர் சொட்டினால் நகர மன்றத்தை அழைப்பது வீண். அது இரு வீட்டுக்காரர்களும் சேர்ந்து செய்ய வேண்டிய பழுது. வீவக கிளை அலுவலகத்தில் நல்லெண்ணப் பழுதுபார்ப்பு உதவித் திட்டத்துக்கு விண்ணப்பித்தால் செலவில் பாதியை வீவக ஏற்கும், மீதியை மேல்வீடும் கீழ்வீடும் ஆளுக்கு 25 விழுக்காடு பகிர்ந்துகொள்ளலாம். மேல்வீட்டார் கதவைத் திறக்க மறுக்கும்போதுதான் இது இழுக்கும். அப்போது கசிவின் தேதி வாரியான படங்கள் கைவசம் இருப்பது பெரிய உதவி.

ஒற்றைப் பொறுப்பாளர் புகார்களுக்குச் செயலிக்கு ஐந்தில் நாலரை கொடுக்கலாம். மீன் உருண்டைக் குச்சி வகைக்கு மூன்று. அண்டை வீட்டுத் தகராறுக்கு ஒன்றரைக்கு மேல் மனசு வரவில்லை.

அடுத்து நகர மன்றம். நேரில் போக வேண்டிய தேவை குறைவு, ஆனால் இரண்டு தொலைபேசி எண்களைக் குறித்து வையுங்கள். ஒன்று அலுவலக நேர எண். மற்றது 24 மணி நேர அவசரப் பராமரிப்புப் பிரிவு. மின்தூக்கியில் ஆள் சிக்கினால், புளோக் முழுக்கத் தண்ணீர் நின்றால், பொது இடத்தில் மின்சாரம் போனால் செயலியைத் திறக்காமல் நேரே இந்த எண்ணை அழையுங்கள். மின்தூக்கி அருகேயுள்ள அறிவிப்புப் பலகையில் இருக்கும். 2025 தேர்தலில் எல்லைகள் பல இடங்களில் மாறிவிட்டன. ஜூரோங் ஈஸ்ட் - புக்கிட் பாத்தோக், வெஸ்ட் கோஸ்ட் - ஜூரோங் வெஸ்ட், பொங்கோல் என்று குழுத்தொகுதிகளே (பல எம்பிக்கள் ஓர் அணியாகத் தேர்வாகும் தொகுதிகள்) புதிதாக வந்தன. கைப்பேசியில் பல ஆண்டுகளாகச் சேமித்து வைத்திருக்கும் எண் இன்னும் உங்கள் நகர மன்றத்துடையதுதானா என்று ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

பழைய சோபா, மெத்தை, அலமாரி போன்றவற்றை அகற்றும் சேவை நல்ல சேவை, ஆனால் முன்பதிவு செய்ய வேண்டும். பல நகர மன்றங்கள் மாதத்துக்கு 3 பொருள்வரை இலவசமாக எடுத்துக்கொள்கின்றன. வீட்டுப் புதுப்பிப்பில் வரும் ஓடு, சிமெண்டு, உடைத்த கதவு எல்லாம் இதில் சேராது. அது ஒப்பந்ததாரர் வேலை. சேர்த்துக் கொண்டு போய் மின்தூக்கி முன் வைத்துவிட்டு வருபவர்களால்தான் பாதித் தகராறு.

பணம் எங்கே போகிறது என்பதையும் பார்க்க வேண்டும். மாதாந்தர சேவை, பராமரிப்புக் கட்டணத்திலும் அரசாங்க மானியத்திலும் குறைந்தது 26 விழுக்காடு நீண்டகாலப் பழுதுபார்ப்புச் சேமநிதிக்கும், 14 விழுக்காடு மின்தூக்கி மாற்று நிதிக்கும் ஒதுக்கப்பட வேண்டும். மறுசாயம், கூரை வேலை, நீர்க்குழாய் மாற்றம் எல்லாம் முதல் நிதியிலிருந்து வருபவை. ஆக, கூட்டவும் பெருக்கவும் மிஞ்சுவது நீங்கள் கட்டும் 100 வெள்ளியில் 60 வெள்ளிக்கு மேல் இல்லை. துப்புரவு சரியில்லை என்று கோபப்பட்டுக் கட்டணத்தை நிறுத்துபவர்கள் உண்டு. அது வேலைக்காகாது. நிலுவையாகச் சேரும், தாமதக் கட்டணம் ஏறும், கடைசியில் சட்ட நடவடிக்கைக் கடிதம் வரும். கட்ட முடியாத நிலை என்றால் முதல் நினைவூட்டல் கடிதத்திலேயே அலுவலகத்துக்குப் போய்த் தவணை கேளுங்கள், பெரும்பாலும் ஒத்துக்கொள்வார்கள்.

தகுதியுள்ள வீடுகளுக்கு ஏப்ரல், ஜூலை, அக்டோபர், ஜனவரி மாதங்களில் கட்டணக் கழிவு தானாகக் கணக்கில் சேரும். விண்ணப்பம் தேவையில்லை. வீட்டு உரிமையாளர்களிலோ குடியிருப்பவர்களிலோ குறைந்தது ஒருவர் சிங்கப்பூர்க் குடிமகனாக இருக்க வேண்டும். வீட்டை முழுதாக வாடகைக்கு விட்டிருந்தாலோ இன்னொரு சொத்து வைத்திருந்தாலோ கிடைக்காது. 'எனக்கு மட்டும் வரவில்லை' என்ற குறைக்குப் பின்னால் பெரும்பாலும் இந்த இரண்டில் ஒன்று இருக்கும்.

நகர மன்றங்களின் தரத்தை ஒப்பிட விரும்புவோர் தேசிய வளர்ச்சி அமைச்சு வெளியிடும் நகர மன்ற நிர்வாக அறிக்கையைப் பார்க்கலாம். துப்புரவு, பராமரிப்பு, மின்தூக்கி, கட்டண நிலுவை, நிறுவன ஆளுகை ஆகியவற்றுக்குப் பச்சை, மஞ்சள், சிவப்பு என்று நிறம் கொடுப்பார்கள். பெரும்பாலும் எல்லாமே பச்சைதான் என்பதால் ஒப்பிட இது அதிகம் உதவாது. உங்கள் நகரின் ஆண்டறிக்கையில் மின்தூக்கி மாற்று நிதியில் எவ்வளவு இருக்கிறது என்று பார்ப்பது அதைவிடப் பயன். முப்பது வருடப் பழைய புளோக்குகள் நிறைந்த நகரில் அந்த எண் முக்கியம்.

இனி மக்கள் சந்திப்பு. 1955இல் முதலமைச்சராக இருந்த டேவிட் மார்ஷல் தொடங்கியது, இன்றுவரை வாராவாரம் நடக்கிறது. மாலை நேரம், பாலர் பள்ளி அறையிலோ புளோக் கீழ்த்தளத்திலோ. பதிவு செய்து எண் வாங்க வேண்டும். தொண்டூழியர் ஒருவர் விவரம் கேட்டுக் கடிதம் தட்டச்சு செய்வார். கடைசியில் எம்பி பார்த்துக் கையெழுத்திடுவார். அதற்குப் பின் கடிதம் அமைப்புக்குப் போகும், முடிவு அமைப்புடையது. இதை மறந்துவிட்டுத்தான் பலர் 'எம்பி சொல்லியும் நடக்கவில்லை' என்று வருத்தப்படுகிறார்கள். எம்பி கேட்கிறார், உத்தரவிடவில்லை.

கொண்டுபோக வேண்டியவை: அடையாள அட்டை, அமைப்பு ஏற்கெனவே அனுப்பிய மறுப்புக் கடிதம், சம்பளச் சீட்டு அல்லது மத்திய சேமநிதி அறிக்கை, பிள்ளைகள் தொடர்பான விஷயமென்றால் பிறப்புச் சான்றிதழ். மறுப்புக் கடிதம்தான் தலையாயது. விண்ணப்பிக்காமலேயே வருபவர்களுக்கு 'முதலில் விண்ணப்பியுங்கள்' என்றுதான் கடிதத்தின் பதில் வரும்; சில வாரங்கள் வீண். முதல் விண்ணப்பத்தில் சொல்லாத புதிய தகவல் ஏதாவது இருந்தால் (வேலை போனது, மருத்துவ அறிக்கை, மணமுறிவு ஆணை) அதைக் கடிதத்தின் மேல்பகுதியில் எழுதச் சொல்லுங்கள். பழைய கதையே திரும்பப் போனால் பழைய பதிலே திரும்பி வரும்.

கடிதம் ஆங்கிலத்தில் போகும். தமிழ் மட்டும் தெரிந்த பெரியவர்கள் பதிவின்போதே தமிழ் பேசும் தொண்டூழியரைக் கேட்க வேண்டும். இல்லையென்றால் மகனோ பேத்தியோ கூட வரட்டும். கையெழுத்துக்குப் போகும் முன் கடிதத்தை வாசித்துக் காட்டச் சொல்வது உங்கள் உரிமை. தொகையும் தேதியும் தவறாக இருப்பது அரிதல்ல. நீதிமன்றத்தில் உள்ள வழக்குக்கு நீதிபதிக்குக் கடிதம் கேட்காதீர்கள். அது எழுதப்படாது, அதற்குச் சட்ட உதவி அலுவலகம் இருக்கிறது.

நம்மவர்களுக்கென்று ஒரு குறிப்பு. 1988இல் வந்த குழுத்தொகுதி முறைப்படி ஒவ்வோர் அணியிலும் குறைந்தது ஒரு சிறுபான்மை இன வேட்பாளர் இருக்க வேண்டும். அதனால் 'நம் இந்திய எம்பி' என்று ஒருவரைத் தேடி, குழுத்தொகுதியின் இன்னொரு மூலைக்குப் பேருந்து ஏறிப் போகிறவர்கள் இருக்கிறார்கள். குழுத்தொகுதிக்குள்ளும் ஒவ்வொரு எம்பிக்கும் ஒரு வட்டாரம் உண்டு. முகவரியைப் பார்த்து உங்கள் வட்டாரத்துக்கே திருப்பி அனுப்பக்கூடும். மொழி வசதிக்காகத்தான் போகிறீர்கள் என்றால் முன்கூட்டியே தொலைபேசியில் கேட்டுக்கொள்ளுங்கள்.

இதையெல்லாம் இங்கிலாந்து வார்டோடு வைத்துப் பார்ப்பது சுவையான வேலை. படிக்கவும் வேலைக்கும் அங்கே போகும் சிங்கப்பூர்த் தமிழர்களுக்குப் பயனும் உண்டு. லண்டனில் ஈஸ்ட் ஹாம் இருக்கும் நியூஹாம் கவுன்சிலை எடுத்துக்கொள்வோம். 24 வார்டுகள், 66 கவுன்சிலர்கள். ஒரு வார்டுக்கு இரண்டோ மூன்றோ பேர். மூன்று இடமுள்ள வார்டில் வாக்காளர் மூன்று பெயர்களுக்குக் குறியிடலாம். ஒன்றோடு நிறுத்தினாலும் செல்லும், நான்கு போட்டால் சீட்டே செல்லாது. தேர்தல் நான்கு ஆண்டுக்கு ஒருமுறை, வியாழக்கிழமை, காலை 7 முதல் இரவு 10 வரை. வேட்பாளருக்கு வைப்புத்தொகை கிடையாது. நம் 2025 பொதுத்தேர்தலில் ஒவ்வொரு வேட்பாளருக்கும் 13,500 வெள்ளி. சாதாரணக் குடியிருப்பாளர் ஒருவர் பூங்காவைக் காப்பாற்றவென்றே நிற்கக்கூடிய தேர்தல், அங்குள்ள கவுன்சில் தேர்தல். வாக்களிப்பு கட்டாயமில்லை என்பதால் பாதிப் பேர்கூட வராத வார்டுகள் நிறைய. நமக்கோ கட்டாயம், காரணமின்றித் தவறினால் வாக்காளர் பட்டியலிலிருந்து பெயர் நீங்கும், திரும்பச் சேர 50 வெள்ளி. ஆனால் 2025இல் மரீன் பரேட் - பிரேடல் ஹைட்ஸ் குழுத்தொகுதியில் போட்டியே இல்லாததால் அங்குள்ள வாக்காளர்களுக்கு ஓட்டுப் போடும் வேலையே வரவில்லை என்பதையும் சொல்ல வேண்டும்.

பழுதுபார்ப்பில் நம் பக்கம் முந்துகிறது. அங்கே சாலைக் குழி பற்றிய முறையீடு ஒரு தனிக் கலை. ஆனால் இரண்டு விஷயத்தில் அவர்கள் ஏற்பாடு நன்றாக இருக்கிறது. 2007இலிருந்து இயங்கும் ஃபிக்ஸ்மைஸ்ட்ரீட் தளத்தில் போட்ட புகார் வரைபடத்தில் எல்லார் கண்ணிலும் படும்படி நிற்கும். அடுத்தது, கவுன்சிலின் முறையீட்டுப் படிகள் முடிந்தும் நியாயம் கிடைக்கவில்லை என்றால் உள்ளாட்சி, சமூகப் பராமரிப்பு குறைதீர்ப்பாளரிடம் காசில்லாமல் போகலாம், பொதுவாக 12 மாதத்துக்குள். நமக்கு அப்படி ஒரு குறைதீர்ப்பாளர் இல்லை. அந்த இடத்தையும் எம்பியே நிரப்புகிறார். நகர மன்றத்தின் மீதே குறை என்றால், அதை நடத்துபவரிடமே போய் நிற்க வேண்டிய நிலை. இந்த ஏற்பாட்டின் உண்மையான ஓட்டை இதுதான். மக்கள் சந்திப்புக்கு நான்கு மதிப்பெண். நகர மன்றத்தைப் பற்றிய முறையீடு என்றால் இரண்டு.

சிங்கப்பூர்க் குடிமக்கள் காமன்வெல்த் குடிமக்கள் என்பதால், செல்லுபடியாகும் விசாவோடு இங்கிலாந்தில் வசித்தால் கவுன்சில் தேர்தலில் 18 வயதிலேயே வாக்காளராகப் பதியலாம். தேர்தலுக்கு 12 வேலைநாள் முன்பே பதிவு முடிந்திருக்க வேண்டும். அஞ்சல் வாக்குக்கு 11 வேலைநாள். 2023 மேயிலிருந்து வாக்குச்சாவடியில் படமுள்ள அடையாளம் தேவை. சிங்கப்பூர்க் கடப்பிதழ் செல்லும், அடையாள அட்டை செல்லாது. பதிவதற்கு முன் சிங்கப்பூர் அரசியலமைப்பின் 135ஆம் பிரிவைப் படித்துவிடுங்கள். வெளிநாட்டில் உரிமைகளைப் பயன்படுத்தும் குடிமக்களைப் பற்றியது அது. சந்தேகம் இருந்தால் குடிநுழைவு, சோதனைச்சாவடிகள் ஆணையத்திடம் எழுத்தில் கேட்டு, பதிலைப் பத்திரப்படுத்தி வைத்துக்கொண்டு பிறகு பதியுங்கள்.

உள்ளூரில் இந்த வாரமே மக்கள் சந்திப்புக்குப் போக நினைப்பவர்களுக்கு: பொது விடுமுறை நாளில் நடக்காது, சில வட்டாரங்களில் மாதத்தின் ஐந்தாவது வாரமும் நடப்பதில்லை. பதிவு மூடும் நேரத்தைத் தொகுதியின் பக்கத்தில் பார்த்துவிட்டு, அரை மணி நேரம் முன்பே போய்விடுங்கள்.